கொடி இறங்கிய நேரம்

அத்தியாயம் 6

அண்ணி தேடிக்கொண்டிருந்தது துப்பாக்கியையும் அல்ல, தோட்டாவையும் அல்ல. எட்டு வருடத்துக்கு முன்னால் ஒரு டெலிபோன் பூத்துக்குள் ஒருவன் பேச்சை நிறுத்திவிட்டு நின்ற ஒரு நிமிடத்தை.

அண்ணி என்பது அவள் பெயரல்ல. துப்பறியும் தொழிலில் உதவிக்கு இருக்கிற நாத்தனார் அப்படிக் கூப்பிடப்போய், தபால்காரரிலிருந்து ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர் வரை எல்லோருக்கும் அவள் அண்ணியாகிவிட்டாள். ராணுவத்தின் சட்டப் பிரிவில் அதிகாரியாக இருந்த கணவர் இறந்து நான்கு வருடம் ஆகிறது. முன்னறையில் ஒரு மேஜையைப் போட்டு, காணாமல் போன நகை, வீட்டுக்கு வராத புருஷன் என்று கிடைத்ததைத் துருவிக்கொண்டு இரண்டு பெண்களும் காலத்தை ஓட்டினார்கள். நாத்தனார் இருபத்தைந்து வருடம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் உட்கார்ந்தவள். ஊரார் பேச்சையெல்லாம் கேட்டுக் கேட்டுத் தனக்கும் வாய் நீண்டுவிட்டது என்று அவளே சொல்லிக்கொள்வாள்.

இந்தக் கேஸைக் கொண்டுவந்தவள் ஒரு தையல்காரி. அவளுடைய தம்பி சிப்பாய். முகாமில் ஆயுத ஸ்டோர் கீப்பரைச் சுட்டுக் கொன்றான் என்று ராணுவக் கோர்ட் அவனுக்கு ஆயுள் தண்டனை கொடுத்திருந்தது. அன்று காலையில்தான் ஸ்டோர் கீப்பரோடு அவன் லீவுக்காகச் சண்டை போட்டிருக்கிறான். மறுவிசாரணை மனுவைக் கேட்க வெள்ளிக்கிழமை மூன்று நீதிபதிகள் உட்காருகிறார்கள். புதிதாக ஒரு சாட்சியம் வைத்தால் உண்டு. இல்லையென்றால் கதவு மூடிவிடும், அதன் பிறகு தட்டுவதற்கு வேறு கதவு கிடையாது. இன்று புதன்.

தையல்காரி திங்கட்கிழமை வந்தபோது, மடியிலிருந்த துணிப்பையின் பிரிந்த விளிம்பை ஊசியால் குத்திக்கொண்டே சொன்னாள். அன்று சாயங்காலம் தம்பி முகாமுக்கு எதிரே இருந்த பூத்திலிருந்து அவள் வீட்டுக்குப் பக்கத்துக் கடைக்குப் போன் பண்ணினானாம். பேசிக்கொண்டிருக்கும்போதே சத்தம் நின்றுபோயிற்றாம். லைன் கட்டாகிவிட்டது என்று அவள் நினைத்திருக்கிறாள். கொஞ்ச நேரம் கழித்து, "கொடி இறக்கறாங்கக்கா, அதான்" என்று சொல்லிவிட்டு விட்ட இடத்திலிருந்து பேசினானாம். கோர்ட்டில் இதைச் சொன்னீர்களா என்று அண்ணி கேட்டாள். "இதுல சொல்றதுக்கு என்ன இருக்கு?" என்றாள் அவள்.

அதைப் பிடித்துக்கொண்டது நாத்தனார்தான். லைன் கட்டானால் ஒரு சத்தம், ஆள் வாயை மூடிக்கொண்டு நின்றால் வேறொரு சத்தம், தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் தனக்குத் தெரியும் என்றாள்.

பொழுது சாயும்போது முகாமில் கொடியை இறக்குவார்கள். அப்போது பியூகிள் என்கிற பித்தளைக் கொம்பை ஊதுவார்கள். சீருடையில் இருக்கிறவன் எங்கே இருந்தாலும், அந்தச் சத்தம் காதில் விழுந்தால் விறைத்து நிற்க வேண்டும். ஊதி முடிகிறவரை வாய் திறக்கக் கூடாது. ஸ்டோரில் வெடிச் சத்தம் கேட்டதும் சமையல்கட்டில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த மூன்று பேர் ஓடிவந்திருக்கிறார்கள். வெளியே கால் வைக்கும்போது பியூகிள் தொடங்கிவிட்டது. மூன்று பேரும் கையில் கத்தியோடு அப்படியே நின்றுவிட்டார்கள். சுட்டவன் அந்த நேரத்தில்தான் தப்பியிருக்கிறான்.

டூட்டி புத்தகத்தில் கொடி இறங்கிய நேரம் ஆறு ஐந்து என்று எழுதியிருந்தது. தையல்காரியின் தம்பி வெளியே போனது ஆறு எட்டு என்று கேட் புத்தகம் சொன்னது. சுட்டான், மூன்று நிமிடத்தில் கேட்டைத் தாண்டினான், ஒன்றும் தெரியாதவன் மாதிரி அக்காவுக்குப் போன் போட்டான் என்றது கோர்ட்.

ஆறு ஐந்துக்குக் கொடி இறங்கியது என்றால் அவன் அப்போது கேட்டுக்கு உள்ளே இருந்தான். அப்படியானால் ரோட்டுக்கு எதிர்ப்புறம் இருந்த பூத்தில் கொடிக்காக மௌனமாக நின்றது யார்? அக்கா பொய் சொல்ல வேண்டும், இல்லையென்றால் புத்தகம் பொய் சொல்ல வேண்டும்.

"அக்காவுக்குப் பொய் சொல்லத் தெரிஞ்சிருந்தா கோர்ட்டுலயே சொல்லியிருப்பா," என்றாள் நாத்தனார். "புத்தகத்தை எழுதினவரைப் பிடிக்கறதுக்கு முன்னாடி, ஊதினவரைப் பிடிப்போம் அண்ணி."

ஊதினவர் ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்று ஒரு நூற்பாலையில் சங்கு ஊதிக்கொண்டிருந்தார். ஊதிக்கொண்டிருந்தார் என்பதுகூடச் சரியில்லை. தீப்பெட்டி மாதிரி ஒரு அறை, சுவரில் ஒரு சிவப்புப் பொத்தான், அதற்கு மேலே இரண்டு கடிகாரங்கள். ஷிப்டு மாறும் நேரத்தில் பொத்தானை அழுத்துவார். வேலை அவ்வளவுதான்.

எதற்கு இரண்டு கடிகாரம் என்று நாத்தனார் கேட்டாள்.

"ஒண்ணு நின்னா இன்னொண்ணு."

"ரெண்டும் நின்னுட்டா?"

"நான் இருக்கேன்ல."

நாத்தனாருக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. இப்படிப்பட்ட ஆளைக் கட்டிக்கொண்டவளுக்கு வீட்டில் கடிகாரமே வேண்டாம், ஆனால் ஒருநாளும் தாமதமாக எழுந்திருக்க முடியாது என்று அண்ணியின் காதில் சொன்னாள்.

அந்த நாள் ஞாபகம் இருக்கிறதா என்று அண்ணி கேட்டாள். அவர் கடிகாரத்தை ஒரு தடவை பார்த்துக்கொண்டார். நேரம் இருந்தது. மெதுவாகச் சொல்ல ஆரம்பித்தார். கொடி இறக்கும் நேரம் வெயிலைப் பொறுத்து மாறும். ஒன்றாம் தேதி ஒரு மாற்றம், பதினாறாம் தேதி ஒரு மாற்றம். மேலிடத்திலிருந்து வருகிற அட்டவணையைக் காவலறைச் சுவரில் அவர்தான் ஒட்டுவார். அன்றைக்குத் தேதி பதினாறு. நேரம் பத்து நிமிடம் தள்ளிப்போயிருந்தது. கையில் அந்தப் பத்து நிமிடம் சும்மா கிடந்ததால் கொடிமரத்தடியில் உட்கார்ந்து பியூகிளைத் துடைத்துக்கொண்டிருந்தாராம். அப்போதுதான் வெடிச் சத்தம் கேட்டது.

"பத்து நிமிஷம் தள்ளின்னா?"

"முந்தின நாள் வரைக்கும் ஆறு அஞ்சு. அன்னிலேருந்து ஆறேகால்."

அண்ணி நாத்தனாரைப் பார்க்கவில்லை. பார்த்தால் முகத்தில் எழுதியிருக்கும் என்று அவளுக்குத் தெரியும். கோர்ட்டில் இதைச் சொன்னீர்களா என்று இந்த வாரத்தில் இரண்டாவது தடவையாக அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

"என்னை எதுக்குக் கூப்பிடறாங்க? ஆபீசர் கையெழுத்துப் போட்ட புத்தகம் இருக்கு. அதுக்கு மேல ஊதினவன்கிட்ட என்ன கேக்கறது?" அவர் பொத்தானைச் சுற்றியிருந்த தூசியை விரலால் துடைத்தார். "புத்தகத்துல என்ன எழுதியிருந்துச்சுன்னே எனக்குத் தெரியாதும்மா. நீங்க சொல்லித்தான் தெரியுது."

அவரிடம் வேறொரு பாரம் இருந்தது. அதை அவராகவே எடுத்து வைத்தார். வெடிச் சத்தம் கேட்டபோது ஆறேகாலுக்கு ஒரு நிமிடம்கூட இல்லை. ஓடிப்போய்ப் பார்க்கவா, நின்று ஊதவா என்று ஒரு கணம் தோன்றியதாம். எழுந்து நின்று ஊதிவிட்டார். ஸ்டோர் கீப்பருக்கு அப்போது உயிர் இருந்தது என்று பிற்பாடு சொன்னார்கள்.

"நான் ரெண்டு நிமிஷம் தாமதிச்சிருந்தா அந்த மூணு பேரும் உள்ள போயிருப்பாங்க," என்றார். "சர்வீஸ்ல ஒரு நாள்கூடத் தாமதிச்சதில்லைன்னு எனக்கு மெடல் கொடுத்தாங்க."

இரண்டு கடிகாரமும் ஒன்றாகக் காட்டின. அவர் பொத்தானை அழுத்தினார். சங்கு அலறியது. ஜன்னலுக்கு வெளியே பஞ்சு ஒட்டிய தலைகளோடு ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். அந்த ஓசையில் பேச முடியாமல் மூன்று பேரும் நின்றார்கள்.

எழுதிக் கேட்டால் தாராளமாகக் கையெழுத்துப் போடுகிறேன் என்றார் அவர். போட்டும் கொடுத்தார். ஆனால் ஆபீசர் எழுதியதற்கு எதிராகச் சங்கு ஊதுகிறவன் பேச்சு எடுபடுமா என்று அவரே கேட்டார். எடுபடாது என்று அண்ணிக்கும் தெரியும்.

திரும்பும் பஸ்ஸில் கடைசி சீட்டில் உட்கார்ந்து, வக்கீல் கொடுத்த நகல்களை மடியில் பரப்பினாள். ஆறு மாதத்து டூட்டி புத்தகம். எல்லா மாதத்திலும் நேரம் ஒன்றாம் தேதியும் பதினாறாம் தேதியும் மாறியிருந்தது. அந்த ஒரு மாதத்தில் மட்டும் பதினேழாம் தேதி மாறியிருந்தது. பதினாறாம் தேதி வரியில், முந்தின நாள் வரியில் இருந்த அதே ஆறு ஐந்து.

அண்ணி அந்த வரியைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுவந்தாள். காலை அணிவகுப்பு, பகல் ரோந்து, கொடி இறக்கம், ராத்திரி விளக்கணைப்பு. நான்கையும் ஒரே மூச்சில், பேனாவை எடுக்காமல் எழுதிய எழுத்து. அடியில் அன்றைய டூட்டி அதிகாரியான மேஜரின் கையெழுத்து.

"பொழுது விடியும்போதே ராத்திரி வரைக்கும் எழுதி முடிச்சுட்டார்," என்றாள். "முந்தின நாளைப் பார்த்து அப்படியே இறக்கியிருக்கார். அட்டவணை மாறினது அவர் கண்ணுல படலை."

"எக்ஸ்சேஞ்சுல நாங்களும் ராத்திரி டூட்டி ரிப்போர்ட்டைச் சாயங்காலமே எழுதி வச்சுடுவோம் அண்ணி. அதனால யாரும் ஜெயிலுக்குப் போனதில்ல. அதிகபட்சம் எனக்குத் தூக்கம் வரும்."

அண்ணி சிரித்தாள். இப்படிப் புத்தகத்தைப் படிக்க அவளுக்குக் கற்றுக்கொடுத்தது கணவர். என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்காதே, எப்போது எழுதியது என்று பார் என்பார். சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து அவர் கேஸ் கட்டுகளைப் புரட்டும்போது எதிரில் உட்கார்ந்து அவள் கேட்டுக்கொண்டிருப்பாள். அவர் இருந்திருந்தால் இந்த வரியைக் காட்டியிருக்கலாம். தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, சபாஷ் என்றுகூடச் சொல்லாமல், புருவத்தை மட்டும் உயர்த்துவார். அதற்காகவே ஒரு கேஸை முடிக்கலாம் என்று தோன்றும்.

அந்த மேஜர் இப்போது கர்னல். ஓய்வு பெற ஆறு மாதம் இருக்கிறது. வியாழக்கிழமை காலை அவர் வீட்டு மணியை அழுத்தியபோது கதவைத் திறந்தது அவர்தான். யார் என்று கேட்கவில்லை. உள்ளே வாருங்கள் என்றார். அது அண்ணியை உறுத்தியது. முன்பின் தெரியாத இரண்டு பெண்கள் வாசலில் நின்றால் யாராக இருந்தாலும் என்ன வேண்டும் என்றாவது கேட்பார்கள்.

முன்னறையில் எல்லாம் நேர்கோட்டில் இருந்தன. செருப்புகள், செய்தித்தாள்கள், நாற்காலிகள். உள்ளேயிருந்து பதினேழு வயதுப் பெண் தோளில் பையோடு வந்தாள். கழுத்துப்பட்டிக்கு மேலே நேராக ஒரு தழும்பின் நுனி தெரிந்தது. வந்தவர்களைப் பார்த்துச் சிரித்துவிட்டு, "வரேம்ப்பா" என்று சைக்கிளை எடுத்தாள். அவள் தெருமுனை திரும்புகிறவரை கர்னல் ஜன்னலில் நின்றார்.

அண்ணி வழியெல்லாம் கேள்விகளை வரிசை போட்டு வைத்திருந்தாள். முதலில் சுற்றி வளைத்து, பிறகு அட்டவணை, கடைசியில் அந்த வரி. எதுவும் தேவைப்படவில்லை.

"அன்னிக்குக் கொடி இறங்கினதை நீங்க நேர்ல பார்த்தீங்களா சார்?"

"பார்த்தேன்," என்றார் கர்னல். "ஆறேகாலுக்கு."

நாத்தனார் நகல்களை எடுக்கப் பைக்குள் விட்ட கையை அப்படியே வைத்துக்கொண்டாள்.

அவர் சொன்னார். கேஸ் நடந்தபோது அவருக்கு அது தோன்றவே இல்லை. புத்தகத்தில் ஆறு ஐந்து என்று இருந்தது, தன் கையெழுத்தும் இருந்தது, ஆமாம் என்று சாட்சி சொல்லிவிட்டார். ஒரு வருடம் கழித்து வேறொரு முகாமில், ஒரு பதினாறாம் தேதி காலை வழக்கம்போலப் புத்தகத்தை எழுதி வைத்தார். குமாஸ்தா ஓடிவந்து, சார் இன்றிலிருந்து நேரம் மாறுகிறது என்று திருத்தச் சொன்னான். பேனாவைக் கையில் எடுத்தவருக்கு அந்த இன்னொரு பதினாறாம் தேதி நினைவுக்கு வந்தது. அன்று சாப்பிடவில்லை. நான்கு நாள் உட்கார்ந்து நான்கு பக்கம் எழுதினார். நடந்ததெல்லாம் எழுதி, இந்தச் சிப்பாய் குற்றவாளி அல்ல, தவறு என்னுடையது என்று முடித்துச் சட்டப் பிரிவில் நேரில் கொண்டுபோய்க் கொடுத்தார்.

"யார் சுட்டாங்கன்னு எனக்கு இன்னிக்கும் தெரியாது மேடம். அவன் சுடலைங்கறது தெரியும்."

ஒரு வாரம் கழித்துக் கூப்பிட்டனுப்பினார்கள்.

"மிரட்டினாங்களா?" என்று கேட்டாள் நாத்தனார்.

"மிரட்டியிருந்தா நான் திமிறியிருப்பேன். சிப்பாயா சேர்ந்து மேல வந்தவன், அதட்டலுக்கெல்லாம் பழகினவன்." கர்னல் நாற்காலியின் கைப்பிடியைத் தடவினார். "அங்க இருந்த அதிகாரி எழுந்து வந்து கையைக் குலுக்கினார். உட்கார வச்சார். டீ வரவழைச்சார். சர்க்கரை போதுமான்னு கேட்டார். நான் பதில் சொல்றதுக்குள்ள அவரே ஒரு ஸ்பூன் எடுத்து என் கப்புல போட்டுக் கலக்கிக் கொடுத்தார்."

அறையில் யாரும் எந்தப் பெயரையும் சொல்லிவிடவில்லை. இருந்தாலும் அந்தக் கரண்டி கோப்பையின் விளிம்பில் படாமல் சுற்றும் விதம் அவளுக்குத் தெரிந்தது. கல்யாணமான மூன்றாம் வருடம் அவளுக்கு ஒரு வேலை கிடைத்தது. அதைப் பற்றிப் பேசலாம் என்று உட்கார்ந்த சாயங்காலம், அவள் கோப்பையிலும் ஒரு கரண்டி அப்படிச் சுற்றியது. கோப்பை காலியாவதற்குள் வேலை வேண்டாம் என்று அவளே சொல்லிவிட்டிருந்தாள். தானாக எடுத்த முடிவு என்று பல வருடம் நம்பிக்கொண்டும் இருந்தாள்.

கர்னல் பேசிக்கொண்டே போனார். டூட்டி புத்தகத்தை நம்பித் தீர்ப்பான கேஸ்கள் பத்தொன்பது இருக்கின்றன, ஒன்று பொய் என்றால் பத்தொன்பதையும் பிரிக்க வேண்டும் என்று விளக்கினாராம். பிறகு மகளைப் பற்றி விசாரித்தாராம். அவளுக்கு அப்போது பத்து வயது, இதயத்தில் கோளாறு, ராணுவ ஆஸ்பத்திரியில் ஆபரேஷனுக்கு நாள் குறித்திருந்தது. மலை உச்சிக் காவல் முகாமுக்குக் கர்னலை மாற்றும் உத்தரவு தன் மேஜைக்கு வந்திருக்கிறது, அங்கே ஆஸ்பத்திரி கிடையாது என்று வருத்தப்பட்டாராம்.

"நான் இருக்கற வரைக்கும் இந்தப் பேப்பர் நகராம பார்த்துக்கறேன்னார். உதவி பண்ற மாதிரியே சொன்னார் மேடம். உதவிதான்னு அவர் நம்பினார்னுகூட நினைக்கிறேன். அப்புறம் ஒரு வரி டைப் அடிச்ச காகிதம். யோசித்துப் பார்த்ததில் என் ஞாபகம் உறுதியாக இல்லை, கடிதத்தைத் திரும்பப் பெறுகிறேன்னு. போட்டுட்டேன்."

"உங்க பொண்ணு இப்ப காலேஜுக்குப் போறா," என்றாள் நாத்தனார். "அங்க ஒருத்தன்…"

"தினம் அவ சைக்கிள்ல ஏறும்போது பார்க்கறேனே," என்றார் கர்னல். "அவளை மட்டும் பார்க்கறதில்லை."

நாத்தனார் விடவில்லை. அந்தப் புண்ணியவான் யார், பெயரைச் சொல்லுங்கள், இன்றைக்கே போய்ச் சர்க்கரை போதுமா என்று கேட்டுவிட்டு வருகிறேன் என்றாள். கர்னல் அண்ணி பக்கம் திரும்பினார்.

"மேடம், தையல்காரம்மாவுக்கு உங்க அட்ரஸை எழுதிக் கொடுத்ததே நான்தான்."

நாத்தனாரின் முகத்தில் இருந்த சிரிப்பு உடனே போகவில்லை. எங்கே போவது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் நின்றது.

"எங்க அண்ணனா?" என்றாள்.

கர்னல் தலையைக் குனிந்துகொண்டார். வெள்ளிக்கிழமை கோர்ட்டுக்கு வருகிறேன் என்றார். பென்ஷன் போனால் போகட்டும், பதவி போனால் போகட்டும். ஆனால் தன் வாய்ப்பேச்சு மட்டும் போதாது. ஞாபகம் உறுதியாக இல்லை என்று கையெழுத்துப் போட்டவன் இன்று மாற்றிச் சொன்னால், பதவி உயர்வு கிடைக்காத ஆத்திரம் என்பார்கள். முதல் கடிதம் வேண்டும்.

"கிழிச்சுடறேன்னு என்கிட்ட சொன்னார். என்னவோ, கிழிச்சிருக்க மாட்டார்னு ஒரு நினைப்பு. உங்ககிட்ட நேரா வந்து கேக்க எனக்கு முகமில்லை."

வீட்டுக்கு வந்து கதவைத் திறந்து உள்ளே போனதும் நாத்தனார்தான் ஆரம்பித்தாள். அண்ணன் அப்படிச் செய்யமாட்டான். கர்னல் தன் பாவத்தைச் செத்தவன் தலையில் கட்டுகிறார். அண்ணன்தான் அவளைக் கையைப் பிடித்து முதல் நாள் எக்ஸ்சேஞ்சுக்குக் கூட்டிப்போனவன், எதிர்ப்புறம் நின்று அவள் உள்ளே போகிறவரை பார்த்தவன். அதுவும் உண்மைதான். அவர் எல்லோரையும் கையைப் பிடித்துத்தான் கூட்டிப்போனார்.

அலமாரியின் மேல்தட்டில் அவருடைய தகரப்பெட்டி இருந்தது. ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு முன்னால் அதை இரண்டு தடவை விசாரித்தார். இன்சூரன்ஸ் காகிதம் என்று அவள் நினைத்துக்கொண்டாள். அவர் போன பிறகு இன்சூரன்ஸை மட்டும் எடுத்துக்கொண்டு மூடியதுதான்.

இப்போது எல்லாவற்றையும் கட்டில்மேல் கொட்டினார்கள். காஸ் இணைப்பு, மின்சார மீட்டர், அண்ணியின் ஆபரேஷன் ரிப்போர்ட், தையல் மெஷின் உத்தரவாதம். ஒவ்வொரு காகிதத்தின் வலது மேல்மூலையிலும் ‘கிடைத்தது’ என்று எழுதி, தேதி போட்டு, சின்னதாக ஒரு கையெழுத்து. ஆபீஸ் பழக்கம். கையில் எந்தத் தாள் வந்தாலும் பேனா தானாக அந்த மூலைக்குப் போய்விடும். அவள் தாய்வீட்டிலிருந்து எழுதிய கடிதங்களிலும் அது இருந்தது. அதைச் சொல்லி நாத்தனார் முன்பெல்லாம் அவரைக் கேலி பண்ணுவாள்.

ரிப்போர்ட்டுக்கு அடியில் நான்கு பக்கம், குண்டூசி துருப்பிடித்து. வலது மேல்மூலையில் கிடைத்தது. ஏழு வருடத்துக்கு முந்தைய தேதி. கையெழுத்து.

அண்ணி கட்டிலில் உட்கார்ந்தாள். கிழிக்கிறேன் என்று சொன்னவர் ஏன் கிழிக்கவில்லை? நாளைக்குத் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளவா? என்றைக்காவது கொடுத்துவிடலாம் என்றா? காகிதம் கிழிக்கத் தெரியாத கை, அவ்வளவுதானா? முப்பது வருடம் எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டவரைப் பற்றி இந்த ஒன்று இனி அவளுக்குத் தெரியப்போவதில்லை. அவள் பெட்டியை முழுவதுமாகத் தேடியிருந்தால் நான்கு வருடம் முன்பே இது கிடைத்திருக்கும்.

"அண்ணி," என்றாள் நாத்தனார். குரல் வேறு யாருடையதோ மாதிரி இருந்தது. "அந்த மூலையை மட்டும் கத்தரிச்சுட்டா என்ன? கடிதம் கர்னலோடது. அது இருக்குல்ல. போதாதா?"

"மூலை இல்லேன்னா நேத்து எழுதினதும்பாங்க. அது இருந்தாத்தான் ஏழு வருஷம் முன்னாடியே சட்டப் பிரிவு கைக்கு வந்ததுன்னு ஆகும். அது இருந்தாத்தான் அவன் வெளிய வருவான்."

"அவன் வெளிய வந்தா, செத்துப்போன எங்க அண்ணன் உள்ள போவான்."

நாத்தனார் மெஷின் உத்தரவாதத்தை எடுத்து அதன் மூலையை விரலால் தேய்த்துக்கொண்டே இருந்தாள். வாய்க்கு வாய் பேசுகிறவளுக்கு அழும்போது ஒரு சத்தமும் வராது என்பதை அண்ணி இத்தனை வருடத்தில் இன்றுதான் பார்த்தாள்.

மூன்று மணிக்குத் தையல்காரி வந்தாள். கடிதத்தை வாங்கிக்கொண்டு வக்கீலிடம் போக வேண்டும். அண்ணி ஒரு வாக்கியம் தயார் பண்ணி வைத்திருந்தாள். சட்டப் பிரிவில் யாரோ ஒரு அதிகாரி அமுக்கி வைத்திருந்தார், எங்களுக்கு எப்படியோ கிடைத்தது. பொய் என்று சொல்ல முடியாது. கோர்ட்டில் எப்படியும் பெயர் வெளியே வரும். இன்று ஒரு நாள், இவள் முகத்துக்கு எதிரில் வராமல் இருந்தால் போதும்.

தையல்காரி ஒவ்வொரு பக்கமாக, உதட்டை அசைத்துப் படித்தாள். கடைசிப் பக்கத்தில், இந்தச் சிப்பாய் குற்றவாளி அல்ல என்ற வரியில் நின்றாள். அதை இரண்டாவது தடவை படித்தாள். மறுபடி முதல் பக்கத்துக்கு வந்தபோது ஊசி குத்திக் கறுத்த கட்டைவிரல் வலது மூலையில் பட்டது.

"இது யார் போட்டது?"

அண்ணி வாயைத் திறந்தாள்.

"எங்க அண்ணன்," என்றாள் நாத்தனார். "இவங்க வீட்டுக்காரர்."

தையல்காரி இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு அறையைப் பார்த்தாள். இந்த நாற்காலியில்தான் அவள் திங்கட்கிழமை உட்கார்ந்திருந்தாள். திறந்த கதவு வழியாக உள்ளே அலமாரி தெரிந்தது.

"இங்கயேவா இருந்துச்சு?"

"ஆமா," என்றாள் அண்ணி. "எங்களுக்குத் தெரியாது. ஆனா இங்கதான் இருந்துச்சு."

"போன வருஷம் எங்கம்மா தவறிப்போனாங்க. கொள்ளி வைக்கக்கூட அவனை விடலை," என்றாள் தையல்காரி. அவ்வளவுதான் சொன்னாள். குற்றம் சாட்டுகிற குரலில்கூட இல்லை. ஒரு சட்டைக்கு எத்தனை பொத்தான் என்று சொல்வது போல இருந்தது. கடிதத்தைப் பழைய மடிப்பிலேயே மடித்துத் துணிப்பையில் வைத்து, பையை மார்போடு அணைத்துக்கொண்டு எழுந்தாள்.

வாசல் வரை போனவள் திரும்பினாள். வக்கீல் முன்பே சொல்லியிருக்கிறாராம், பழைய காகிதம் எது கிடைத்தாலும் அதில் இருப்பது இன்னார் கையெழுத்துதான் என்று பழகினவர் ஒருவர் கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும் என்று.

"அவர் உயிரோட இல்லை. வேற யார் சொல்லுவாங்க?"

நாத்தனார், "நான் சொல்றேன்" என்று எழுந்தாள். அண்ணி அவள் தோளில் கைவைத்து உட்காரவைத்தாள்.

"நாளைக்குப் பத்து மணிக்குத்தானே?" என்றாள். "நான் வர்றேன். அவர் கையெழுத்து எனக்குத் தெரியும்."